ஓட்டு இல்லாத ஊரில் ஒரு கவுன்சிலர்

மலேசியாவில் இருக்கும் என் அக்கா பொன்னம்மாள் கடிதத்தில் எழுதியிருந்தது இவ்வளவுதான். "கடையை எடுக்கச் சொல்லி நகராண்மைக் கழகத்துக்காரர்கள் நோட்டீஸ் ஒட்டிவிட்டார்கள். நீ ஒன்றும் கவலைப்படாதே." முதல் வரியைப் படித்த வேகத்தில் இரண்டாவது வரி என் கண்ணிலேயே படவில்லை. முனிசிபாலிட்டி சமாச்சாரம் என்றால் எங்கள் குடும்பத்தில் என்னை விட்டால் ஆள் யார் இருக்கிறார்கள்?

அருப்புக்கோட்டைக்கும் திருச்சுழிக்கும் நடுவே ஒரு சின்னப் பேரூராட்சியில் நான் மிளகாய் வத்தல், மல்லிக் கடை வைத்திருக்கிறேன். ஐந்து வருடம் எங்கள் வார்டுக்குக் கவுன்சிலராகவும் இருந்தேன். பதவிக்கு வந்த மறுநாளே அருப்புக்கோட்டை அச்சகத்தில் பச்சை மையில் பெயரும் 'கவுன்சிலர்' என்ற பட்டமும் போட்டு ஆயிரம் தாள் லெட்டர்பேடு அடித்தேன். தாள் தீர்வதற்குள் பதவி தீர்ந்துபோனது. அதற்கப்புறம் தேர்தலும் இல்லை; தனி அதிகாரி ஒருவர் ஜீப்பில் வந்து கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார். நல்ல தாளை வீணாக்க எனக்கு மனம் வரவில்லை. ஜனங்களும் ரேஷன் கார்டுக்கும் விலாசத்துக்கும் என்னிடமே வந்துகொண்டிருந்தார்கள். தொண்ணூறுகளின் தொடக்கத்தில், நான் விமானம் ஏறியபோது, நிலைமை இதுதான்.

பெட்டியில் இரண்டு கிலோ வத்தல், மல்லிப்பொடி, காராச்சேவு, லெட்டர்பேடு, அக்கா ஊர் அதிகாரிகளுக்காக இரண்டு பொன்னாடை. கோலாலம்பூர் விமான நிலையச் சுங்கச் சோதனையில் ஓர் அதிகாரி வத்தல் பொட்டலத்தைப் பிரித்து முகர்ந்து பார்த்தார். பிறகு பக்கத்தில் இருந்தவரும் தும்மினார். அதற்கப்புறம் யாரும் என் பெட்டியில் கைவைக்கவில்லை.

அக்காவின் ஊர் அங்கிருந்து வடக்கே பஸ்ஸில் மூன்று மணி நேரம். இறங்கிய நாள் சனிக்கிழமை. நாலு மணிக்கு மழை பிடித்தது. எங்கள் பக்கத்தில் வருடம் முழுக்கப் பெய்வது அங்கே ஒரு சாயங்காலத்தில் கொட்டியது என்று சொன்னால் மிகை. ஆனால் எனக்கு அப்படித்தான் தோன்றியது. ரோட்டோரம் ஆள் உயரத்துக்குச் சிமெண்டு வாய்க்கால் கட்டியிருந்தார்கள். அத்தனை தண்ணீரும் அரை மணியில் அதில் இறங்கிப் போய்விட்டது. நான் வாய்க்கால் ஓரத்தில் குடையோடு நின்று வயிற்றெரிச்சலோடு பார்த்துக்கொண்டிருந்தேன். எங்கள் பேரூராட்சிக்குத் தண்ணீரை வரவழைப்பது வேலை. இந்த ஊர்க்காரர்களுக்கு அதை வெளியே அனுப்புவது வேலை. இரண்டில் எது சுலபம் என்று யாரும் என்னிடம் கேட்க வேண்டாம்.

அக்காவின் கடை பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு பெரிய மரத்தடியில் இருந்தது. நாலு மேசை, தகரக் கூரை, தோசைக்கல். காலையில் இடியாப்பமும் தோசையும், சாயங்காலம் வடையும். சீனர், மலாய்க்காரர், தமிழர் எல்லோரும் வந்து உட்கார்ந்து தேங்காய்ச் சட்டினியை விரலால் வழித்துச் சாப்பிட்டார்கள். "பசியாறிட்டீங்களா?" என்று அக்கா கேட்கும்போது குரலில் பாதி மலேசியா வந்துவிட்டது. என்னைத் திட்டும்போது மட்டும் சுத்தமாக நம்ம ஊர்.

"ஏலே, கவலப்படாதன்னு எழுதுனா வண்டியேறி வந்துருவியா? வந்ததுதான் வந்த, உளுந்த ஆட்டிக் குடு."

விஷயத்தைச் சொன்னவள் அக்கா மகள் சாந்தி. தமிழ்ப் பள்ளியில் டீச்சர். மரத்தடிக் கடைகளை எல்லாம் எடுத்துவிட்டு மார்க்கெட்டுக்குப் பின்னால் புதிதாகச் சாப்பாட்டுக் கூடம் கட்டியிருக்கிறார்கள். லைசென்ஸ் உள்ளவர்களுக்கு அதில் இடம். எந்த இடம் யாருக்கு என்று வருகிற வெள்ளிக்கிழமை குலுக்கல். அக்காவின் கடை லைசென்ஸ் இன்னும் மச்சான் பெயரில். மச்சான் இறந்து ஆறு வருடம். எங்கள் ஊரில் செத்தவர்கள் ஓட்டுப் போடுவார்கள். இந்த ஊரில் மச்சான் செத்தும் தோசை விற்றுக்கொண்டிருந்தார்.

"பேர் மாத்தச் சொல்லி நான் எழுதிப் போட்டிருக்கேன் மாமா. பதில் வரும். வெள்ளிக்கிழமைக்குள்ள வந்துட்டா அம்மா பேரும் குலுக்கல்ல சேரும்" என்றாள் சாந்தி.

வராவிட்டால்?

"கடை போச்சு" என்று அக்கா கல்லைத் துடைத்துக்கொண்டே சொன்னாள். அறுபதை எட்டப்போகிற பெண்பிள்ளை. அந்தக் கடையை விட்டால் அவளுக்கு வேறு பிழைப்பு இல்லை, வேறு பழக்கமும் இல்லை. எழுதிப் போட்டாளாம், பதில் வருமாம்! எழுதிப் போட்டு எந்த ஆபீசில் பதில் வந்திருக்கிறது?

எங்கள் ஊரில் வேலை நடக்கிற விதமே வேறு. முதலில் மனு. அதன் கீழே கைநாட்டும் கையெழுத்துமாக நூறு பேர். பிறகு பத்துப் பேராகப் போய், அதிகாரி கையில் எலுமிச்சம்பழம் கொடுத்து, தோளில் பொன்னாடை போர்த்தி, ஒரு போட்டோ. அவர் "ஆவன செய்யப்படும்" என்பார். ஒரு மாதம் ஒன்றும் ஆகாது. அப்புறம் பெண்களோடு காலிக் குடங்களை எடுத்துக்கொண்டு பந்தல்குடிப் பக்கம் போய்த் தூத்துக்குடி ரோட்டில் உட்காருவோம். உப்பு லாரியும் சிமெண்டு லாரியும் ஒரு மைல் நீளத்துக்கு நிற்கும். தாசில்தார் வருவார். மறுநாள் தண்ணி லாரி வரும். மூன்று நாள் வரும்.

"அக்கா, இருபது பொம்பளையாளுகளச் சேக்க முடியுமா? காலிக் குடத்தோட" என்று கேட்டேன்.

"இங்க எவ வீட்டுலலே குடம் இருக்கு? தொறந்தா கொழாயில தண்ணி வருது."

அதோடு போராட்டம் முடிந்தது.

ஞாயிற்றுக்கிழமை பஸ் நிலையத்துக்கு எதிரே ஒரு சாப்பாட்டுக் கடைக்குப் போனேன். ரொட்டியைக் காற்றில் வீசி வீசி மெல்லிசாக்கி, மடித்துப் போட்டு, பருப்புக் குழம்பு ஊற்றித் தந்தார்கள். நம் பரோட்டாவுக்குச் சித்தப்பா மகன். தேநீரை ஒரு முழத்துக்கு இழுத்து ஆற்றியவரின் பேச்சு காதில் விழுந்ததுமே எழுந்து போய்க் கேட்டேன். வீரசோழன்காரர். பெயர் காதர். கடை அவருடையதுதான்.

"திருச்சுழிப் பக்கமா? அட, வாங்கண்ணே!" என்று இன்னொரு ரொட்டி போட்டார். அரை மணி நேரம் வீரசோழன் பஸ் இப்போது எத்தனை மணிக்கு வருகிறது என்பதைப் பேசினோம். பிறகு விஷயத்துக்கு வந்தேன். இந்த வார்டுக்கு யார் கவுன்சிலர்?

"வார்டெல்லாம் இங்கன கெடையாதுண்ணே. பல்லு டாக்டர் ஒருத்தர் இருக்காக. நம்ம ஆளுகளுக்கு அவுகதான்."

திங்கட்கிழமை காலை பல் டாக்டரைப் பார்த்தேன். அறையில் இருந்த இரண்டு நாற்காலிகளில் ஒன்றில் அவர் இருந்தார். இன்னொன்று சாய்ந்து படுக்கிற நாற்காலி. அதில் படுத்தபடியேதான் கோரிக்கையைச் சொன்னேன்.

"நானும் கவுன்சிலர்தான்" என்று அறிமுகப்படுத்திக்கொண்டேன். "நீங்க எத்தன ஓட்டு வித்தியாசத்துல ஜெயிச்சீக?"

"ஓட்டா? இங்க நகராண்மைக் கழகத்துக்குத் தேர்தலே கிடையாதுங்க. நான் சின்னப் பையனா இருக்கும்போதே நிறுத்திட்டாங்க. நியமனம்தான். கட்சி பேரைக் குடுக்கும், அரசாங்கம் போடும்" என்றார் டாக்டர். அவர் முகத்தில் வெட்கமும் இல்லை, பெருமையும் இல்லை.

நான் படுத்தபடியே யோசித்தேன். நான் முந்நூறு வீட்டு வாசலில் கும்பிட்டு நின்று, இரண்டு சீரகச் சம்பா மூட்டை சோறாக்கிப் போட்டு, பதினோரு ஓட்டு வித்தியாசத்தில் வந்தவன். என்னால் ஐந்து வருடத்தில் ஒரு தெருவுக்குச் சாக்கடை கட்ட முடிந்தது. அதுவும் தண்ணீர் ஓடாத சாக்கடை. யாருமே ஓட்டுப் போடாத இந்த ஊரில் சாக்கடைக்குள் ஆள் நடந்து போகலாம். ஜனநாயகத்தின் மேல் எனக்கிருந்த நம்பிக்கை அன்று கொஞ்சம் ஆட்டம் கண்டது. பிறகு, மரத்தடிக் கடைக்காரர்களிடம் ஒரு வார்த்தை கேட்காமலே கடையை எடுக்கச் சொல்லி நோட்டீஸ் ஒட்டியது நினைவுக்கு வந்து சரியாகிவிட்டது.

"நான் பேசிப் பாக்குறேன்" என்றார் டாக்டர்.

அந்த வாக்கியத்துக்கு என்ன அர்த்தம் என்று எனக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. ஐந்து வருடம் நானே சொன்னதுதான்.

அன்று மத்தியானமே லெட்டர்பேடை எடுத்தேன். அக்காவிடமோ சாந்தியிடமோ மூச்சு விடவில்லை. காதர் கடைக்குச் சாப்பிட வரும் ஒரு டைப்பிஸ்ட் மலாய் மொழியில் அடித்துக் கொடுத்தார். மேலே பச்சை மையில் என் பெயர், கீழே என் கையெழுத்து, 'கவுன்சிலர், தமிழ்நாடு, இந்தியா' என்று முத்திரை. ரப்பர் ஸ்டாம்பையும் கொண்டுபோயிருந்தேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

"மனுவக் குடுங்கண்ணே, குத்தமில்ல. அந்தச் சால்வைய மட்டும் வேணாம். இங்கன தப்பா எடுத்துக்குவாக" என்றார் காதர்.

மரியாதையை யார் தப்பாக எடுப்பார்கள் என்று நினைத்தேன்.

செவ்வாய்க்கிழமை மினி பஸ் ஏறினேன். ஆபீஸ் வந்தால் கண்டக்டர் விசில் அடித்துச் சொல்வார் என்று நம்பி உட்கார்ந்திருந்தேன். அங்கே இறங்க வேண்டியவர்தான் மணியை அழுத்த வேண்டுமாம். எனக்குத் தெரிந்தபோது பஸ் எண்ணெய் எடுக்கிற ஒரு செம்பனைத் தோட்டத்துக்குள் நின்றுகொண்டிருந்தது. டிரைவர் இறங்கிப்போய்ச் சிகரெட் பற்றவைத்தார். பின் சீட்டில் இரண்டு சீனக் கிழவிகள் என்னைப் பார்த்துச் சிரித்துச் சிரித்துப் பேசினார்கள். நான் புரிந்துகொண்ட வரையில், "பாவம், கையில் எலுமிச்சம்பழத்தோடு எங்கே போகிறானோ" என்பதாக இருக்கலாம். அதே பஸ்ஸில் திரும்பி வந்தேன்.

ஆபீஸ் குளுகுளுவென்றிருந்தது. நம்பர் சீட்டு கொடுத்தார்கள். வாசலில் புரோக்கர் இல்லை, மனு எழுதித் தருகிறவர் இல்லை, பியூனுக்கு டீ வாங்கித் தர வழியே இல்லை. எப்படித்தான் இங்கே வேலை நடக்கிறதோ என்று பயமாக இருந்தது. நம்பர் வந்ததும் மாடியில் லைசென்ஸ் அதிகாரியிடம் அனுப்பினார்கள். முக்காடு போட்ட இளம் மலாய்ப் பெண். பெயர் ரஹிமா என்று மேசையில் எழுதியிருந்தது. பெண் என்பதால் தோளில் போர்த்துவது முறையில்லை. மனுவை மேசையில் வைத்துவிட்டு, பொன்னாடையை விரித்து, மேலே எலுமிச்சம்பழத்தை வைத்து, இரண்டு கையாலும் நீட்டினேன்.

அந்தப் பெண் நாற்காலியிலிருந்து எழுந்து சுவரோடு ஒட்டிக்கொண்டார். இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டார். ஏதோ சத்தம் போட்டுச் சொன்னார். மூன்று பேர் ஓடி வந்தார்கள். அதில் ஒருவர் கையில் கேமரா.

கேமராவைப் பார்த்ததும் எனக்கு நிம்மதியாகிவிட்டது. முறை தெரிந்தவர்கள்தான் என்று நினைத்தேன். துண்டைச் சரிசெய்துகொண்டு, பொன்னாடையின் சரிகை வெளியே தெரியும்படி பிடித்துக்கொண்டு, நன்றாகச் சிரித்தேன். ஒன்றுக்கு மூன்றாக எடுத்தார்கள். பழத்தையும் பொன்னாடையையும் தனித்தனிப் பிளாஸ்டிக் பையில் போட்டு நம்பர் ஒட்டினார்கள். பத்திரமாக வைக்கிறார்கள் போலும் என்று வெளியே வந்து, இந்தத் தடவை மணியை நானே அழுத்திச் சரியான இடத்தில் இறங்கினேன்.

புதன்கிழமை சாயங்காலம் சாந்தி கையில் ஒரு கடிதத்தோடு வந்தாள். ஆபீஸ் ஆள் பள்ளிக்கூடத்துக்கே கொண்டுவந்து கொடுத்தாராம். மலாய் மொழியில் இருந்ததை அவள் தமிழில் சொல்லச் சொல்ல நான் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். அதிகாரிக்கு அன்பளிப்பு கொடுக்க முயன்றதாகப் புகார். விசாரணை முடியும்வரை அக்காவின் விண்ணப்பம் நிறுத்திவைக்கப்படுகிறது. வியாழக்கிழமை காலை அக்காவும் நானும் நேரில் வர வேண்டும். குலுக்கலுக்கு முந்தின நாள்.

அக்கா திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாயிருந்திருக்கும். மாவுக் கையோடு பெஞ்சில் உட்கார்ந்து, "ஆறு வருசமா ஒருத்தர் கிட்டயும் ஒண்ணும் கேக்காம ஓட்டிட்டு வந்தேன்டா" என்றாள். அப்படியே எழுந்து போய் வடையைத் திருப்பிப் போட்டாள். ஊர்ப்பக்கம் என்னைக் கண்டால் எழுந்து நிற்கிறவர்கள் இருக்கிறார்கள். அந்தப் பெஞ்சில் நான் ஒண்டி உட்கார்ந்திருந்தேன். கேவலமாக இருந்தது.

வியாழக்கிழமை விசாரணை அறையில் கண்ணாடி போட்ட ஒரு பெரிய அதிகாரி, பக்கத்தில் ரஹிமா. மேசையில் என் மனு, என் மூன்று போட்டோக்கள், நம்பர் ஒட்டிய எலுமிச்சம்பழம். போட்டோவில் நான் கல்யாண மாப்பிள்ளை மாதிரி இருந்தேன். சாந்தி அவர்கள் பேசுவதைத் தமிழில் சொன்னாள்.

"நீங்க இந்திய நாட்டுக் கவுன்சிலரான்னு கேக்குறாரு மாமா."

நான் நிமிர்ந்து, ஆமாம் என்று தலையாட்டப் போனேன். பெரியவர் அதற்குள் மேலும் ஏதோ சொன்னார். சாந்தி என் கையைப் பிடித்து அழுத்தினாள்.

"முழுசாக் கேளுங்க. ஆமான்னா, வேற நாட்டு மக்கள் பிரதிநிதி ஒருத்தர் அதிகாரிக்கு அன்பளிப்பு கொடுத்ததா ஆயிடும். அவரே முடிக்க முடியாது, கோலாலம்பூருக்கு எழுதணும். பதில் வர மாசக்கணக்காகும். ஒரு பதவியும் இல்லாத சாதாரண ஆள், அக்கா மேல உள்ள பாசத்துல, ஊர்ப் பழக்கத்துல தெரியாமச் செஞ்சதுன்னா, எழுதி வாங்கிட்டு எச்சரிக்கையோட இங்கயே முடிச்சிடலாமாம். உங்க கையாலேயே எழுதணுமாம்."

ஒரு வெள்ளைத் தாளை என் பக்கம் தள்ளினார்கள். எங்கள் வார்டில் ஒருத்தர்கூட இந்தக் கேள்வியை என்னிடம் கேட்டதில்லை. நானும் என்னிடம் கேட்டுக்கொண்டதில்லை. பேனாவைத் திறந்து, மூடி, திறந்தேன். அக்கா என் பக்கம் பார்க்கவே இல்லை. மேசைமேல் இருந்த தன் கையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை கல் சுட்ட தழும்பு, ஒன்றன்மேல் ஒன்றாக.

எழுதினேன். "நான் எந்தப் பதவியிலும் இல்லை. என் பதவிக்காலம் எப்போதோ முடிந்துவிட்டது. தாளில் போட்டிருப்பது உண்மையல்ல. அக்காவுக்கு உதவுவதாக நினைத்து அறியாமல் செய்துவிட்டேன்." கையெழுத்து மட்டும் போட்டேன். ஸ்டாம்பு சட்டைப் பையிலேயே இருந்தது.

சாந்தி அதை மலாய் மொழியில் சத்தமாக வாசித்தாள். ஒரு சொல்லும் புரியவில்லை. ஆனாலும் காது சுட்டது. பெரியவர் தலையாட்டிவிட்டுக் கையெழுத்துப் போட்டார். எலுமிச்சம்பழத்தையும் பொன்னாடையையும் என்னிடமே திருப்பித் தந்து, வாங்கிக்கொண்டதற்கும் கையெழுத்து வாங்கினார். ரஹிமா ஃபைலுக்குள்ளிருந்து ஒரு தாளை உருவி அக்காவிடம் நீட்டினார். லைசென்ஸ் பெயர் மாற்றம் செய்யப்பட்டது என்ற உத்தரவு.

"இது எப்ப அடிச்சது?" என்று சாந்தி தேதியைப் பார்த்துக் கேட்டாள்.

திங்கட்கிழமையே அடித்துவிட்டார்களாம். செவ்வாய்க்கிழமை தபாலில் சேர்க்க எடுத்து வைத்தபோதுதான் நான் போய்ச் சேர்ந்தேனாம்.

வெள்ளிக்கிழமை குலுக்கலில் அக்காவுக்கு மூலைக் கடை கிடைத்தது. இரண்டு பக்கமும் திறப்பு, நல்ல காற்று. சீட்டைப் பிடித்துக்கொண்டு அக்கா அழுதாள், நானும் அழுதேன். சாந்தி கையில் குடையோடு எங்கள் இருவரையும் பார்த்துக்கொண்டு நின்றாள், மணி நாலாகிவிட்டிருந்ததால். வழியனுப்பும்போது அக்கா, "நீ எழுதிக் குடுத்தது லேசுப்பட்டதில்லடா. எனக்குத் தெரியும்" என்றாள். வேறு யார் சொல்லியிருந்தாலும் எனக்கு இத்தனை ஆறுதலாக இருந்திருக்காது.

ஊருக்கு வந்து மூன்றாம் நாள் கடையில் பத்துப் பேர் கூடிவிட்டார்கள். மல்லாங்கிணறு சந்தைக்கு வந்தவர்கள்கூட நின்றார்கள். அங்கே யாரைப் பார்த்து வேலையை முடித்தேன் என்று கேட்டார்கள்.

"பெரிய அதிகாரியே கூப்பிட்டாரு. எங்கிட்ட எழுதி வாங்கிட்டுத்தான் கடையவே குடுத்தாக" என்றேன். இதில் ஒரு வார்த்தையாவது பொய்யா?

சாயங்காலம் எங்கள் தெரு மாரியப்பன் தன் மகளுக்கு வருமானச் சான்று வேண்டுமென்று வந்தான். வழக்கம்போல லெட்டர்பேடைத் திறந்தேன். பச்சை மையில் 'கவுன்சிலர்' பளபளத்தது. பேனா வெகுநேரம் தாளுக்கு மேலேயே நின்றது. பிறகு அதற்கு முன்னால், இருக்கிற கொஞ்சம் இடத்தில், 'முன்னாள்' என்று பொடி எழுத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

மாரியப்பன் தாளை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தான்.

"அண்ணே, இது என்ன புதுசா?"

"மலேசியாவுலயெல்லாம் இப்பிடிப் போட்டாத்தான்டா செல்லும்" என்றேன்.